நீலச்சுடர் வங்கியின் உரிமையாளர்

"பணம் போனா போகட்டும் மேடம். ஆளு யாருன்னு மட்டும் கண்டுபிடிச்சுக் குடுங்க. அவன் கம்பிக்குப் பின்னால நிக்கிறத நான் பாக்கணும்."

இதைச் சொன்னபோது இந்து குரலை உயர்த்தவில்லை. குமுளி பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே, மசாலாக் கடை ஒன்றின் மாடியிலிருந்த சிறிய அலுவலகத்தில் முதுகை நிமிர்த்தி உட்கார்ந்திருந்தாள். முப்பது வயதைத் தாண்டியவள். தேக்கடிப் பக்கம் ஒரு ரிசார்ட்டில் வேலை. அறைப் பதிவு, கம்ப்யூட்டர் வேலை எல்லாம் தான்தான் பார்ப்பதாகச் சொன்னாள். கணவர் அழகுமலை இறந்து இரண்டு வருடமாகிறது.

மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர் ஞானஜோதி. வண்டிப்பெரியாறு தேயிலைத் தோட்டத்தில் பிறந்து, போலீஸ் சைபர் பிரிவில் பல வருடம் வேலை பார்த்து, விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு ஊர் திரும்பியவர். பேசுவதைவிட அதிகம் கேட்பார். ஜன்னலோரம் நின்றிருந்த பிஜு நேர்மாறு. ஜீப் ஓட்டிப் பிழைத்தவன், நாற்பது வயதுக்கு மேல் துப்பறியும் ஆசை பிடித்து அவரோடு ஒட்டிக்கொண்டான். வழக்கைப் பாதி கேட்பதற்குள் குற்றவாளியைப் பிடித்துவிடுவான்.

இந்து தன் கைப்பேசியை நீட்டினாள். திரையில் ஒரு வங்கியின் இணையதளம். பெயர் நீலச்சுடர் டிஜிட்டல் வங்கி, தலைமையகம் மும்பை. அடியில் பெரிய முத்திரையோடு, 'இந்திய ரிசர்வ் வங்கியின் அனுமதி பெற்றது' என்றிருந்தது.

"வாட்சப்புல லிங்க் வந்துச்சு. வட்டி ஜாஸ்தின்னு போட்டிருந்தாக. சேத்து வச்சதப் பூராம் போட்டேன். இப்ப எடுக்க முடியல."

"லிங்க் அனுப்பினது யாரு?"

"தெரியாத நம்பர் மேடம். அழிச்சிட்டேன்."

"பணம் போட்டதுக்கு ரசீது?"

"செல்லு மாத்தினப்ப அதுவும் போச்சு."

பிஜு எட்டிப் பார்த்தான். "ரிசர்வ் பேங்க் சீலே இருக்கே அக்கா?"

ஞானஜோதி அந்த முத்திரையை அழுத்தினார். அனுமதிச் சான்றிதழ் ஒன்று திறந்தது. "மேலே முகவரியைப் பாரு பிஜு. ரிசர்வ் வங்கிக்குப் போகல, இதே தளத்துக்குள்ள இன்னொரு பக்கத்துக்குத்தான் போகுது. தனக்குத் தானே சான்றிதழ் எழுதி ஒட்டிக்கிட்டாங்க. ஒரு வங்கி நிஜமான்னு பாக்கணும்னா, அவங்க குடுக்கிற லிங்க்கைத் தொடக்கூடாது. நாமளே நேரா போய்ப் பாக்கணும்."

தன் கணினியில் ரிசர்வ் வங்கியின் முகவரியைத் தானே தட்டச்சு செய்து, அனுமதி பெற்ற வங்கிகளின் பட்டியலைத் திறந்தார். நீலச்சுடர் என்று ஒரு பெயரே அதில் இல்லை. "இன்னொண்ணு. நம்ம நாட்டு வங்கிகளோட தளமெல்லாம் இப்போ 'பேங்க் டாட் இன்'னு முடியும். வங்கி இல்லாதவனுக்கு அந்த முகவரி கிடைக்காது. இது வெறும் 'டாட் காம்'. ஆக, இதைக் கண்காணிக்க மேலே யாரும் இல்லை. சொந்தக்காரன் யாருன்னு பாப்போம்."

இணைய முகவரிகளின் பதிவு விவரத்தைத் தேடினார். பதிவானது சென்ற மாதம். உரிமையாளர் பெயர் ஈஸ்வரமூர்த்தி. ஊர் சக்குபள்ளம். கீழே ஒரு தொலைபேசி எண்ணும் இருந்தது.

"மாட்டிக்கிட்டான்!" என்றான் பிஜு.

"அவனா?" என்றாள் இந்து. அவள் கைகள் நாற்காலியின் விளிம்பை இறுக்கின. "அவன எனக்கு நல்லாத் தெரியும் மேடம்."

சக்குபள்ளத்தில் ஒரு ஏலக்காய் ஸ்டோருக்கு ஈஸ்வரமூர்த்தி மேனேஜர். அழகுமலை அங்கே காவல்காரராக இருந்தார்.

"ஒரு நா ஸ்டோர்ல ஏலக்கா மூட்ட ஒண்ணக் காணோம்னாக. அன்னைக்குக் காலையில நல்ல மழ. எங்க லயத்துல கூரை ஒழுகும். மச்சில நீலத் தார்ப்பா போத்தி என்னமோ கெடந்துச்சு. இருட்டுல என்னன்னு பாக்கல. அவரு வாங்கிப் போட்டதுன்னு நெனச்சு, தார்ப்பாய மட்டும் உருவி ஒழுகுற எடத்துல போட்டுட்டு வேலைக்குப் போயிட்டேன். மத்தியானம் போலீசு வந்திருக்குன்னு கேட்டு ஓடியாந்தேன். அதே மச்சில இருந்து மூட்டைய எறக்குனாக. ஈஸ்வரமூர்த்தி ஜீப்ப விட்டு எறங்கவே இல்ல. உக்காந்த எடத்துல இருந்தே கையக் காட்டினான்."

அவள் தண்ணீர் குடித்தாள்.

"அவர அடிச்சே இழுத்துட்டுப் போனாக. நான் சொன்னத ஒருத்தரும் எழுதிக்கல. ஜாமீன்ல வந்தவரு, ஏலச்செடிக்கு அடிக்கிற மருந்தக் குடிச்சிட்டாரு."

ஞானஜோதி எல்லாவற்றையும் குறித்துக்கொண்டார். மறுநாள் மாலை வரச் சொல்லி அனுப்பினார்.

காலையிலேயே பிஜு அந்த எண்ணுக்கு அழைத்தான். கட்டப்பனையில் தையல்கடை வைத்திருக்கும் ஒரு பெண் எடுத்தாள். அது ஒரு வருடத்துக்கு மேலாகத் தன்னிடம் இருக்கும் எண் என்றும், ஈஸ்வரமூர்த்தி யாரென்றே தெரியாது என்றும் சொல்லி வைத்துவிட்டாள். பிஜு விடவில்லை. சக்குபள்ளம் போனான், கடைகளில் விசாரித்தான், குமுளி ஆட்டோ ஸ்டாண்டையும் விடவில்லை. நீலச்சுடர் வங்கி என்ற பெயரைக் கேள்விப்பட்டவர் ஒருவர்கூட இல்லை.

"நம்பரத் தூக்கிப் போட்டுட்டு நாடகம் ஆடுறான் அக்கா!"

"எப்போ தூக்கிப் போட்டான்?"

"அதான் ஒரு வருசத்துக்கு மேல..." பிஜு பாதியில் நிறுத்தினான்.

"தளம் பிறந்தது போன மாசம்," என்றார் ஞானஜோதி. பகல் முழுவதும் அவர் இரண்டு இணையதளங்களை அருகருகே வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒன்று நீலச்சுடர் வங்கி. மற்றது இந்து வேலை பார்க்கும் ரிசார்ட். பிறகு ஸ்டேஷனுக்குப் போன் செய்து, சப் இன்ஸ்பெக்டர் ரிஞ்சுவை வரச் சொன்னார். வரும்போது அழகுமலையின் பழைய வழக்கைப் படித்துவிட்டு வரும்படியும் கேட்டுக்கொண்டார். கடைசியாக ஏலக்காய் ஸ்டோர் வழியாக ஈஸ்வரமூர்த்தியைப் பிடித்து வரச் சொன்னார்.

மாலையில் எல்லோரும் வந்தார்கள். ரிஞ்சு சீருடையில் கதவருகே உட்கார்ந்தாள். இந்து ஈஸ்வரமூர்த்தியை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. அவர் கிழக்குப் பாலக்காட்டுக்காரர், கஞ்சி மொடமொடக்கும் வெள்ளைச் சட்டை, கையில் கார்ச் சாவி.

"ஏனுங்க மேடம், என்ற பேர்ல பேங்க்குங்களா? நானு ஏலக்காய் ஸ்டோர் பாக்குறவனுங்க. போலீசையெல்லாம் கூட்டி வச்சு, என்னங்க இது?"

"பதிவில் இருப்பது உங்கள் பெயர்தான்," என்றார் ஞானஜோதி. "ஆனால் தளம் உங்களுடையது அல்ல."

இந்துவின் தலை சட்டென்று திரும்பியது.

"இந்த மாதிரிப் பதிவுகளில் உரிமையாளர் பெயரை இப்போது அநேகமாக மறைத்துத்தான் வைப்பார்கள். வெளியே தெரிய வேண்டுமென்றால் தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். ஊரை ஏமாற்ற வங்கி போட்டவன் எதற்குத் தன் பெயரைக் கேட்டு எழுதி வைக்கிறான்? அடுத்து தொலைபேசி எண். சார், உங்கள் பழைய நம்பரா இது?"

ஈஸ்வரமூர்த்தி பார்த்தார். "ஆமாங்க. அதை மாத்தி ரொம்ப நாளாச்சுங்களே."

"நீங்களே பதிந்திருந்தால் இப்போதைய எண்ணைக் கொடுத்திருப்பீர்கள், இல்லாவிட்டால் பொய் எண்ணைக் கொடுத்திருப்பீர்கள். கைவிட்ட எண்ணைக் கொடுப்பவர், உங்களை முன்பு அறிந்தவர், இப்போது அறியாதவர். மூன்றாவது, தளத்தில் இருக்கும் ஒரு சொல்."

கணினியைத் திருப்பினார். கணக்குத் தொடங்கும் படிவத்தில் முகவரிக்கான கட்டம். அதில், 'வீடு அல்லது லயம் எண்' என்றிருந்தது.

"தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீட்டைத்தான் லயம் என்போம். மும்பைக்காரனுக்கு அந்தச் சொல்லே தெரியாது. பாலக்காட்டிலிருந்து வந்து பங்களாவில் குடியிருக்கும் இவருக்கும் அது கைக்கு வராது. தோட்டத்து லயத்தில் பிறந்து, எந்தப் படிவத்திலும் அதையே எழுதிப் பழகிய ஆள் போட்டது இது. நான் அப்படி எழுதியிருக்கிறேன். இந்துவும் எழுதியிருப்பாள்."

பிஜுவின் வாய் திறந்தபடி இருந்தது.

"இந்த வங்கிக்கு விளம்பரம் இல்லை, ஏமாந்த இன்னொரு ஆளும் இல்லை. இந்து பணம் போட்டதற்கு ஒரு துண்டு ஆதாரமும் இல்லை. இந்து பார்த்துக்கொள்ளும் ரிசார்ட் தளமும் இதுவும் ஒரே கை செய்தவை. பட்டன்கள், எழுத்துகள், அடியில் இருக்கும் கோடுகூட ஒன்றுதான். இதெல்லாம் இல்லாவிட்டாலும் எனக்குச் சந்தேகம் வந்திருக்கும். பணத்தைப் பறிகொடுத்து என்னிடம் வருபவர்கள் முதலில் கேட்பது பணத்தைத்தான். இவள் ஆளைக் கேட்டாள்."

இந்து எழுந்தாள். "ஆமா, நான்தான் போட்டேன்! செய்யாத திருட்டுக்கு அவரு எப்படி ஸ்டேஷன்ல குத்த வச்சு உக்காந்தாரோ, அதே மாதிரி இவனும் உக்காரணும்னு போட்டேன். ராத்திரி பூராம் 'நான் இல்ல, நான் இல்ல'ன்னு இவன் அழணும். அத ஒருத்தரும் நம்பக்கூடாது!"

ஈஸ்வரமூர்த்தி நிம்மதியாகச் சிரித்தார். இருக்கையில் நன்றாகச் சாய்ந்தார்.

"பாத்தீங்களா இன்ஸ்பெக்டர்? குடும்பத்துக்கே திருட்டுப் புத்திங்க. இவ புருசன் என்ன பண்ணுனான் தெரியுங்களா? ஒழுகுற ஊட்டுல ஏலக்கா நனையக்கூடாதுன்னு, நீலத் தார்ப்பாயப் போத்தியல்ல வச்சிருந்தான் மச்சில! களவாண்டாலும் அத்தனை பதனமுங்க."

ரிஞ்சு மெதுவாக எழுந்து வந்தாள்.

"தார்ப்பாயா? மத்தியானம்தான் அந்த வழக்க முழுசாப் படிச்சேன் சார். மச்சுல வெறும் சாக்கு மூட்டை மட்டும்தான் இருந்ததா எழுதியிருக்கு. தார்ப்பாய்னு ஒரு வார்த்தை கிடையாது."

"அது... போலீசுக்காரங்க சொன்னாங்கங்க."

"அவர்கள் வரும்போது தார்ப்பாய் அங்கே இல்லை," என்றார் ஞானஜோதி. "காலையிலேயே இந்து அதை உருவிக் கூரையில் போட்டுவிட்டாள். நீங்கள் ஜீப்பை விட்டு இறங்கவும் இல்லை. இந்துவைத் தவிர அந்த மூட்டையைத் தார்ப்பாயோடு பார்த்திருக்கக்கூடியவர், அதை அங்கே கொண்டுவந்து வைத்தவர் மட்டும்தான்."

ஈஸ்வரமூர்த்தி கார்ச் சாவியை மேசையில் வைத்தார், மறுபடி எடுத்தார். யாரோ சொன்னார்கள் என்றார். யார் என்று ரிஞ்சு கேட்டாள். இந்து அவர் முகத்துக்கு நேரே குனிந்தாள்.

"சொல்லு. இப்பச் சொல்லு, 'நான் இல்ல'ன்னு."

அவர் சொல்லவில்லை.

அன்று இரவே ஸ்டேஷனில் எல்லாம் வெளிவந்தது. மாதக்கணக்கில் ஸ்டோர் சரக்கை மலையடியிலுள்ள கம்பம் ஊருக்கு இறக்கி விற்றவர் ஈஸ்வரமூர்த்திதான். முதலாளி சந்தேகப்பட்டுக் கேட்டபோது, காட்டுவதற்கு அவருக்கு ஒரு திருடன் தேவைப்பட்டான். அழகுமலை காவல் வேலைக்குப் போயிருக்க, இந்து வேலை முடிந்து வீடு திரும்பாத முன்னிரவில், ஒரு மூட்டையைக் கொண்டுபோய் அந்த மச்சில் வைத்துவிட்டார். பழைய வழக்கை மறுபடி விசாரிக்க மேலிடத்துக்கு எழுதினார்கள்.

வங்கி என்று பொய்த் தளம் போட்டதற்கும் பொய்ப் புகாருக்கும் இந்துவின் மேல் வழக்கு உண்டு என்று ரிஞ்சு சொன்னாள். இந்து மறுக்கவில்லை. ஸ்டேஷன் கணினியில் உட்கார்ந்து, ஞானஜோதி பார்த்துக்கொண்டிருக்கத் தளத்தைத் தானே அழித்தாள்.

"அந்தப் பழைய வழக்கை மட்டும் கொண்டுவந்திருந்தால் போதுமே," என்றார் ஞானஜோதி. "எதற்கு இந்தப் பொய்?"

"கொண்டுபோனேன் மேடம். இதே ஸ்டேஷனுக்கு. நெசத்தச் சொன்னப்ப ரெண்டு வருசமா ஒரு ஆளு திரும்பிப் பாக்கல. பொய்யச் சொன்னேன், ஒரே நாள்ல எல்லாரும் ஒரு ரூமுக்குள்ள வந்து உக்காந்துட்டீக."

ரிஞ்சு தாளை நீட்டினாள். இந்து கையெழுத்துப் போட்டாள். பேனாவைத் திருப்பிக் கொடுத்துவிட்டுக் கேட்டாள்:

"அவனுக்கு எத்தன வருசம் கெடைக்கும்?"