பம்பு வாசரைத் திருடியவன்

நேற்று விடியற்காலை பம்பு காற்றைத்தான் இறைத்தது. ட்ரை ஃபோர்க் என்ற அந்த ஊரில் உயிரோடிருந்த ஒரே பம்பு அது. கழற்றிப் பார்த்தால், உள்ளே தண்ணீரை இழுத்துப் பிடிக்கும் தோல் வாசரைக் காணோம். உலகம் எரிந்து அடங்கிய பிறகு, நெவாடா உப்புவெளியில் வாசர் வெட்டத் தெரிந்த கடைசி ஆளும் போய்ச் சேர்ந்துவிட்டான்.

இன்று நண்பகல் அந்த வாசர் ரஃபஸின் குதிரைப் பையில் கிடைத்தது.

ஷெரிஃப் டெல்மருக்கு வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது. ரஃபஸ் ஒரு காலத்தில் கொள்ளைக் கூட்டத்தோடு வந்து இந்த ஊரைச் சூறையாடியவன். பிறகு தனியாகத் திரும்பி வந்து, மண்டியிட்டு மன்னிப்புக் கேட்டான். ஊர் மன்னித்தது, போன மாதம் பம்பையே அவன் பொறுப்பில் விட்டது. அதோடு நின்றிருந்தால் பரவாயில்லை. டெல்மர் வருஷக்கணக்காக மனசுக்குள் வைத்திருந்த வெர்னாவும் அவனையே கட்டிக்கொள்ளச் சம்மதித்துவிட்டாள். அன்றிலிருந்து பொறாமையில் டெல்மருக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

பை காலையிலிருந்து வேலியில், வெயிலில் தொங்கிக்கொண்டிருந்தது. ரஃபஸ் மேல் முதலில் சந்தேகப்பட்டது வெர்னாவின் அண்ணன் ஹார்லன். ரஃபஸுக்கு முன் பம்பைப் பார்த்துக்கொண்டவன். அந்த வெயிலிலும் கோட்டு போட்டிருந்தான். ஊர் பார்க்க, கையை முழங்கைவரை பைக்குள் விட்டு வாசரை எடுத்து நீட்டினான். டெல்மர் அதை இரண்டாக மடித்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டான்.

தண்ணீர்த் திருடனுக்கு இங்கே ஒரே தண்டனை. பொழுது சாய்வதற்குள், சொட்டுத் தண்ணீர் இல்லாமல் உப்புவெளிக்குள் போக வேண்டும். போனவர்கள் திரும்பியதில்லை.

"எப்ப எடுத்த?" என்று ரஃபஸைக் கேட்டான் டெல்மர்.

"எடுக்கல."

"பை உன்னுதுதானே?"

"என்னுதுதான். உனக்கு என்னைப் பிடிக்காதுன்னு தெரியும் ஷெரிஃப். ஆனா நான் எடுக்கல."

டெல்மர் வாசரைப் பொருத்தப் போனான். அது வழுக்கிக்கொண்டு உட்கார்ந்தது. இரண்டு இறைப்பில் தண்ணீர் கொட்டியது. ஊர் முண்டியடித்துக் குடித்தது. டெல்மர் மட்டும் குடிக்காமல் நின்றான். அவனுக்கு விஷயம் புரிந்துவிட்டது. அவன் ஒருவனுக்குத்தான் புரிந்திருந்தது. வாயை மூடிக்கொண்டால் பொழுது சாய்வதற்குள் ரஃபஸ் ஒழிவான். மூடிக்கொள்ளத்தான் ஆசையாக இருந்தது. வெர்னா வேலியைப் பிடித்துக்கொண்டு நின்ற நிலையைப் பார்த்தான், முடியவில்லை.

"ஹார்லன், ஈரத் தோல் இந்த வெயில்ல எவ்வளவு நேரம் தாங்கும்?"

"கொஞ்ச நேரத்துல கட்டையாட்டம் வெறச்சிடும். ராத்திரி முழுக்க ஊறப்போட்டாத்தான் மறுபடி மடியும்." பம்பைப் பற்றிக் கேட்டால் ஹார்லனுக்குப் பெருமை தாங்காது. சொல்லி முடித்த பிறகுதான் முகம் வெளிறியது.

"நீ எடுத்துக் குடுத்ததும் நான் அதை ரெண்டா மடிச்சேனே. காலைலேர்ந்து பையில கிடந்திருந்தா மடியுமா? நீ கை விடுற வரைக்கும் அது தண்ணிக்குள்ள இருந்திருக்கு. பம்பு மறுபடி உன் கைக்கு வரணும். வாசரும் கெட்டுப்போகக் கூடாது. அதான் ஊறவச்சே வச்சிருந்த. உன் கோட்டுக் கைக்குள்ளேர்ந்து வந்தது அது."

கோட்டைக் கழற்றினார்கள். உள்பையில் அகன்ற வாய்த் தகரக் குப்பி இருந்தது. ஊரே நாக்கு வறண்டு கிடந்தபோது அதில் பாதிவரை தண்ணீர்.

"என் பம்பைத் தூக்கிக் கொள்ளைக்காரனுக்குக் குடுத்தீங்க. என் தங்கச்சியையும் குடுக்கறீங்க," என்றான் ஹார்லன். டெல்மரால் அவனை வெறுக்க முடியவில்லை. அதே நெருப்பில்தான் அவனும் வெந்துகொண்டிருந்தான்.

பொழுது சாயும் நேரம் ஹார்லன் உப்புவெளிக்குக் கிளம்பினான். ரஃபஸ் ஒரு தோல்பை நிறையத் தண்ணீர் பிடித்து ஹார்லனின் தோளில் மாட்டினான். சட்டத்தில் இடமில்லைதான், டெல்மர் வேறு பக்கம் பார்த்துக்கொண்டான்.

வெர்னா வந்து டெல்மரின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள். இந்தத் தொடுதலுக்கு அவன் எத்தனை நாள் ஏங்கியிருப்பான்.

"கூடப் பொறந்தவன் இப்படிப் பண்ணிட்டான். இனிமே எனக்கு அண்ணன் நீதான். கல்யாணத்தன்னைக்கு நீதான் என் கையைப் பிடிச்சு அவர்கிட்ட ஒப்படைக்கணும்."

டெல்மர் தலையாட்டினான்.