இரண்டு பேர் பேசும் அகழி

யோஸ்ட் அந்தப் பதுங்குகுழிக்குள் இறங்கியபோது காலை எட்டு மணி. முந்தைய நாள்வரை நாற்பது பேர் படுத்திருந்த இடம். ஈர வைக்கோலும் சுண்ணாம்பும் ஆறிப்போன டர்னிப் கிழங்கு சூப்பும் கலந்த நாற்றம் மட்டும் மிஞ்சியிருந்தது. வெளியே மூடுபனி கனத்துக் கிடந்தது.

ஜெர்மன் படை முழுவதும் சத்தமில்லாமல் பின்வாங்கிவிட்டது. அது ஆங்கிலேயர்களுக்குத் தெரியக்கூடாது. டெலிபோன் பேச்சு மண்ணுக்குள் கசியும், அதை அவர்கள் ஒட்டுக்கேட்கிறார்கள் என்பது எல்லோருக்கும் தெரிந்த விஷயம். அதனால்தான் இரண்டு பேரை மட்டும் விட்டுப் போனார்கள். முந்நூறு மீட்டர் தள்ளி இன்னொரு குழியில் வென்டெலின். இருவரும் டெலிபோனில் ஓயாமல் பேச வேண்டும். ஆள் நிறைந்த அகழிபோல.

போகும்போது லெப்டினன்ட் ராத்கே யோஸ்டின் தோளில் கைவைத்துச் சொன்னார்: "பன்னிரண்டு மணிக்கு ஒருத்தன் கிளம்பலாம். இன்னொருத்தன் நாலு மணிவரைக்கும் இருந்து ரெண்டு குரல்ல பேசணும். யாருன்னு நீங்களே சீட்டுப் போட்டுக்கோங்க. அவன்கிட்ட நேர்ல போய்ச் சொல்லு. டெலிபோன்ல சொல்லிடாத."

யோஸ்ட் வென்டெலினிடம் போகவில்லை. ஒன்பது மணிக்குப் போகலாம் என்று நினைத்தான். பிறகு பத்துக்கு.

"டேய் பெருசு, அறுபது பேருக்கு சூப் அனுப்பு," வென்டெலின் டெலிபோனில் கத்தினான். "டர்னிப் இல்லாத சூப்பா அனுப்பு."

"டர்னிப் இல்லாட்டி அது வெறும் தண்ணிடா."

"தண்ணியே தேவலாம். எங்க சார்ஜென்ட் காலைலேர்ந்து மஞ்சளாவே ஒண்ணுக்கு போறாரு."

அங்கே சார்ஜென்ட் யாரும் இல்லை. யோஸ்ட் வாய்விட்டுச் சிரித்தான். சிரிக்கும்போதே மனதின் ஒரு மூலை கணக்குப் போட்டுக்கொண்டிருந்தது. அவனுக்குப் பெண்டாட்டி இல்லை. எனக்கு இருக்கிறாள். அவன் வந்து எட்டு மாதம்தான். நான் மூன்று வருடம். ஒவ்வொரு காரணமும் நியாயமாகவே இருந்தது. அவ்வளவு காரணங்கள் எதற்காகத் தேவைப்படுகின்றன என்பதை மட்டும் அவன் தன்னிடம் கேட்டுக்கொள்ளவில்லை.

பன்னிரண்டு மணி ஆனது.

"ஒரு நிமிஷம் இரு," என்றான்.

டெலிபோனைப் பெட்டிமேல் வைத்தான். பூட்ஸ் சத்தம் கேட்காதபடி படியேறினான். பதில் வராவிட்டால் வென்டெலினே புரிந்துகொண்டு ஓடி வந்துவிடுவான் என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டே நடந்தான்.

ஒரு கிலோமீட்டர் பின்னால் ஒட்டுக்கேட்கும் குழி இருந்தது. இந்த நாடகம் எதிரியின் காதில் எப்படி விழும் என்று சார்ஜென்ட் திலோ அங்கிருந்து கேட்டுக்கொண்டிருந்தார். காதில் கருவியை மாட்டியிருந்தார். முகத்தில் சிரிப்பு. யோஸ்ட் உள்ளே நுழைந்ததும், யாரென்று பார்க்காமலே சொன்னார்:

"பிரமாதமாப் பேசுறானுங்கப்பா. இந்த யோஸ்ட் பய..."

நிமிர்ந்து பார்த்தார். சிரிப்பு நின்றது.

"நீ இங்க இருக்க. அப்ப அவன் யார்கூடப் பேசிட்டிருக்கான்?"

யோஸ்ட் கருவியை வாங்கிக் காதில் வைத்தான்.

வென்டெலின் சிரித்துக்கொண்டிருந்தான். அவனோடு சேர்ந்து இன்னொருவனும்.

அது யோஸ்டின் குரல்.

மூக்கடைத்த அதே தொனி. வார்த்தைக்கு முன்னால் அதே சின்ன இருமல்.

"என்ன பெருசு, உன் குரல் இவ்வளவு பக்கத்துல கேக்குது?"

"பக்கத்துலதான் இருக்கேன்."



"பனி விலகுதுடா," வென்டெலினின் குரல் தணிந்தது. "அந்தப் பக்கம் தலைங்க தெரியுது. கிளம்பிடலாமா?"

"கிளம்பாத. நான் வந்து கூட்டிட்டுப் போறேன்."

"வென்டெலின்! ஓடுடா!" யோஸ்ட் கருவிக்குள் அலறினான். "அது நானில்ல!"

திலோ அவன் கையைப் பிடித்தார். "இதுல கேக்க மட்டும்தான் முடியும். பேச முடியாது." பிறகு மெதுவாக, "ஓடினா கால் மணி நேரம். நீ போய்க் கூட்டிட்டு வா. நான் இந்தக் கருவியை விட்டு நகர முடியாது."

யோஸ்ட் வாசலுக்குப் போனான். பனி கிழிந்து வெளிச்சம் விழுந்திருந்தது. அவன் வந்த பாதை திறந்த வெளியில் வெள்ளையாகக் கிடந்தது. ஒரு மரமில்லை. ஒரு மேடில்லை. முதல் அடியை எடுத்து வைத்தால் போதும், மற்றது தானாக நடந்துவிடும் என்று தெரிந்தது.

கால் எழவில்லை.

பிறகு உள்ளே திரும்பி வந்து மறுபடியும் கருவியை மாட்டிக்கொண்டான். திலோ அவன் முகத்தைப் பார்க்காமல் சுவரைப் பார்த்தார்.

"பெருசு, நீ மட்டும் இல்லேன்னா நான் எப்பவோ ஓடியிருப்பேன்."

"தெரியும்," என்றது யோஸ்டின் குரல், மிகுந்த அன்போடு.

யோஸ்ட் யாரிடமும் அவ்வளவு அன்பாகப் பேசியதில்லை. மனைவியிடம்கூட.

"படில யாரோ இறங்குறாங்க. நீதானா?"

"நான்தான். திரையை விலக்கு."

கம்பளித் திரை சரசரத்தது.

வென்டெலின் "நீ—" என்றான். அதற்குமேல் சொல்லவில்லை. துப்பாக்கி வெடித்தது. பிறகு ஆங்கிலத்தில் இரண்டு அதட்டல்கள். யாரோ டெலிபோன் பெட்டியைப் பூட்ஸால் மிதித்து நொறுக்கும் ஓசை.

அமைதி.

திலோ பென்சிலை எடுத்தார். "அறிக்கை எழுதணும். நீ எத்தனை மணிக்குக் கிளம்பின? அவன்கிட்ட என்ன சொல்லிட்டு வந்த?"

யோஸ்ட் கருவியைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு வாயைத் திறந்தான். காற்று வந்தது. நாக்கு அசைந்தது, தொண்டை அசைந்தது. ஒலி மட்டும் இல்லை. மறுபடியும் முயன்றான். கழுத்தைப் பிடித்துக்கொண்டு முயன்றான்.

மேசைமேல் கிடந்த கருவிக்குள் யாரோ சிறிதாக இருமினார்கள்.

"பன்னிரண்டு மணிக்குக் கிளம்பினேன்," என்றது யோஸ்டின் குரல். "அவன்கிட்ட ஒண்ணும் சொல்லல."

திலோ பேட்டரிக் கம்பிகளைப் பிடுங்கி எறிந்தார்.

"வென்டெலின் இப்ப என் பக்கத்துலதான் உக்காந்திருக்கான்," குரல் தொடர்ந்தது. "உங்ககிட்டப் பேசணுமாம்."