இரண்டாவது ரிமோட்

"யோவ், என் உசுர எதுக்குய்யா எடுத்த?"

"அய்ய, இன்னா கத்துற? கேம்லதானே எடுத்தேன்."

"கேம்லதான். உனக்கு எல்லாம் பூடுச்சு, எனக்கு ரெண்டு இருந்துச்சு. நீ இன்னாவோ ஒரு பட்டன அமுக்குன. எனக்கு ஒண்ணு கொறஞ்சி உனக்கு ஒண்ணு ஏறுது. கண்ணால பாத்தேன்."

"கட்ன புருஷனுக்கு ஒரு உசுரு குடுக்க மாட்டியா?"

"கேட்டா குடுப்பேன். கேக்காம எடுத்தா அதுக்குப் பேரு திருட்டு!"

பூஞ்சேரியில், ஞாயிற்றுக்கிழமை மதியம் மூன்று மணிக்கு, பிரியாணி தின்ற மயக்கத்தில் தெருவே கவிழ்ந்து படுத்திருந்த நேரத்தில் எழுந்த சண்டை இது. மாடியில் இருக்கும் வீட்டுக்காரம்மா ஸ்ரீதேவி, கொடியில் காயப்போடாத துணியை எடுப்பதற்காக இரண்டு தடவை படியிறங்கி வந்து போனாள். டி.வி.யில் ஆடுகிற ஆட்டத்துக்காகப் புருஷனும் பெண்டாட்டியும் முட்டிக்கொள்கிறார்கள் என்று தெரிந்ததும் அவளுக்குச் சப்பென்று ஆகிவிட்டது. வேறு ஏதாவது இருக்கும் என்று நம்பியிருந்தாள், பாவம்.

ஜான்சன் கார் ஓட்டுகிறவன், ஐ.டி. கம்பெனி ஆட்களை ஏற்றிப்போய் இறக்குகிற வேலை. அவன் பெண்டாட்டி மெர்லின் கடற்கரையோரத்து ரிசார்ட் ஒன்றில் வரவேற்பு மேஜையில் இருப்பவள். கல்யாணமாகி மூன்று வருஷம். மேனேஜரிடம் கெஞ்சிக் கூத்தாடி ஞாயிறு மதியத்தை மட்டும் அவள் தனக்கென்று வாங்கி வைத்திருந்தாள், இந்த ஆட்டத்துக்காகவே.

டி.வி.க்குப் பின்னால் செருகுகிற விரல் நீளக் குச்சி அது. பழைய காலத்து ஆட்டங்கள் பத்தாயிரம் அதற்குள் இருக்கின்றன; கூடவே இரண்டு ரிமோட். ஜான்சனின் கல்யாணத்துக்கு முந்தைய சொத்து. சினிமாவுக்குக் கூட்டிப்போகாதவன், கடற்கரைக்குக் கூப்பிட்டால் "டெய்லி அந்த ரோட்லதான் ஓட்டிகினு கீறேன்" என்று புரண்டு படுப்பவன், இது ஒன்றுக்கு மட்டும் தானே எழுந்து தலையணை எடுத்துப்போட்டு, இரண்டாவது ரிமோட்டைச் சட்டை நுனியால் துடைத்து அவள் கையில் கொடுப்பான். தோளோடு தோள் ஒட்டி உட்கார்ந்து இருவரும் துப்பாக்கி ஏந்திய பொம்மைகளை ஓடவிடுவார்கள். மெர்லினுக்கு அது ஆட்டமே இல்லை. புருஷன் பக்கத்தில் வந்து உட்காருகிற ஒரு மணி நேரம். அதில் போய்த் திருடினானே என்றுதான் அன்றைக்கு அவ்வளவு கத்தினாள். கத்திவிட்டு ராத்திரிக்கு அவனுக்கு வஞ்சிரம் வறுத்துப் போட்டாள் என்பது வேறு விஷயம்.

மறுநாள் ரிசார்ட்டில் கைரேகை மெஷின் அவளை ஏற்கவில்லை.

கட்டைவிரல் வைத்தாள். சிவப்பு. துடைத்துவிட்டு வைத்தாள். சிவப்பு. "பாத்திரம் தேச்சு தேச்சு ரேகை பூடுச்சு போலக்கீது மேடம், அண்ணாத்தய தேய்க்கச் சொல்லுங்க" என்று செக்யூரிட்டி சிரித்தான். பத்து விரலையும் வைத்துப் பார்த்துவிட்டு நோட்டில் கையெழுத்துப் போட்டாள்.

செவ்வாய்க்கிழமை கண்ணாடிக் கதவு. யார் வந்தாலும் தானாக விலகுகிற கதவு. காற்றில் பறந்துவந்த பாலிதீன் பைக்குக்கூட விலகியிருக்கிறது. மெர்லின் அதன் முன்னால் நின்றாள். கை ஆட்டினாள். உப்புக்காற்றில் புடவை படபடக்க, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் குளிர்ந்த கூடத்தில் மல்லிகை வாசனைத் தைலம் புகைய, வெள்ளைக்காரக் கிழவர் ஒருவர் பெட்டியை உருட்டிக்கொண்டு அவளை நோக்கி வந்தார். கதவு அவருக்குத் திறந்தது. அவள் உள்ளே போனாள். அன்றைக்கே போனிலும் விரல் பட்டால் எழுத்து வரவில்லை.

"போனு பேஜாராயிடுச்சு" என்று ஜான்சனிடம் சொன்னாள். "மாத்திக்கலாம்" என்றான், முகத்தைப் பார்க்காமல்.

புதன்கிழமை சாயங்காலம் கொசு. உப்பங்கழி பக்கத்திலிருக்கிற பூஞ்சேரியில் ஆறு மணிக்குமேல் கொசு என்பது வீட்டுக்கு வருகிற விருந்தாளி அல்ல, வீட்டின் சொந்தக்காரன். ஜான்சன் தொடையிலும் கழுத்திலும் மாறி மாறி அறைந்துகொண்டு உட்கார்ந்திருந்தான். பக்கத்திலேயே மெர்லின் கை தெரிய, கால் தெரிய, சும்மா உட்கார்ந்திருந்தாள். ஒன்றுகூட அவள்மேல் இறங்கவில்லை. காதருகே ரீங்காரம் வரும், வந்து அவளைத் தாண்டிப் போகும், தூணைத் தாண்டிப் போவதைப்போல. முழங்கையைத் திருப்பிப் பார்த்தாள். ஒரு தடிப்பில்லை. எழுந்து விளக்கடியில் போய் இன்னொரு தடவை பார்த்தாள்.

வியாழன் அவள் காலை டூட்டி முடித்து மூன்று மணிக்கே வீடு திரும்பியிருந்தாள். அவன் சவாரிக்குப் போயிருந்தான். வெளியே மழை கட்டிக்கொண்டு, நாலு மணிக்கே வீடு சாம்பல் நிறமாகிவிட்டது. காயாத துணியின் முடைநாற்றம். மின்விசிறியின் கிறீச். மெர்லின் டி.வி.யைப் போட்டாள். ஆட்டத்தின் முத்திரைப் படம் திரையில் வந்து மின்னும் அந்த மூன்று நொடியில், ஞாயிறுதோறும் ஜான்சன் தன் ரிமோட்டின் இரண்டு ஓரப் பொத்தான்களையும் சேர்த்து அழுத்திப் பிடித்து, கீழே, கீழே, கீழே என்று மூன்று தடவை தட்டுவான். கோவில் வாசலில் கன்னத்தில் போட்டுக்கொள்கிற மாதிரி அதுவும் ஒரு பழக்கம் என்றுதான் இதுவரை நினைத்திருந்தாள்.

அதேபோல் செய்தாள்.

இசை நின்றது. திரை கறுத்தது. ஆட்டக்காரர்களுக்குக் காட்டாமல் ஆட்டத்தைச் செய்தவர்கள் தங்களுக்கென்று ஒளித்துவைக்கிற பக்கங்கள் உண்டு என்று அவன் ஒரு தடவை சொல்லியிருந்தான். அது இதுதான் போலிருக்கிறது. கறுப்புப் பின்னணியில், வெள்ளை ஆங்கில எழுத்தில் ஐந்து பெயர்கள். பக்கத்தில் எண்கள்.

ஜான்சன், 41.

செல்லம்மா, 0.

கேசவன், 0.

மெர்லின், 1.

ஜாய்ஸ், 30.

மழை வாசல் தகரத்தில் இறங்கியது. மெர்லின் ரிமோட்டை மடியில் வைத்துக்கொண்டு அந்தப் பெயர்களைப் படித்தாள். செல்லம்மா அவள் மாமியார், அவள் பார்த்ததில்லை. வேளாங்கண்ணிக்கு மகனோடு போனவர் திருவிழாக் கூட்டத்தில் தொலைந்துபோனார் என்று ஜான்சன் சொல்லியிருந்தான். கேசவன் அவனுடைய உயிர்ச் சிநேகிதன். இரண்டு பேரும் மாமல்லபுரத்தில் கடலில் இறங்கி, இரண்டு பேரையும் ஒரே அலை இழுத்து, ஒருவன் மட்டும் கரையேறினான். கேசவன் உடல் கிடைக்கவே இல்லை. போன வருஷம் பூஞ்சேரிக் கூட்டு ரோட்டில் லாரி ஏறி ஜான்சனின் கார் அப்பளமாகிக் கிடந்தபோது, அதற்குள்ளிருந்து அவன் சட்டையில் ஒட்டிய கண்ணாடித் தூளைத் தட்டிக்கொண்டு இறங்கி நடந்து வந்தான். ஒரு கீறல் இல்லை. மாதா காப்பாற்றினாள் என்று தெருவே சொன்னது. மெர்லின் கோவிலுக்கு மெழுகுவர்த்தி வாங்கிப்போய் ஏற்றினாள்.

காப்பாற்றியது மாதா இல்லை.

ஆறரை மணிக்கு அவன் நனைந்துகொண்டு உள்ளே வந்தபோது திரையில் அந்தப் பக்கம் அப்படியே இருந்தது. ஜான்சன் அதைப் பார்த்தான். பிறகு கதவைச் சாத்தினான்.

"உங்கம்மா பேரு கீது," என்றாள். "கேசவன் பேரு கீது. எனக்கு ஒண்ணுதான் மிச்சம் கீது. ஜாய்ஸு யாரு?"

"கருங்குழிப் பொண்ணு. கம்பெனில வேலை செய்யுது."

"அவ பேரு எப்படி இதுல ஏறுச்சு?"

"ஒரு நாள் வூட்டுக்கு வந்துச்சு. நீ டூட்டில இருந்த."

ஒரு மனுஷியிடம் இரண்டு களவையும் ஒரே மூச்சில் ஒப்புக்கொண்டால் அவள் எதற்கென்று அழுவாள்? மெர்லினுக்கு வந்தது அழுகையே இல்லை. அந்தப் பெண்ணையும் இதே தலையணையில்தான் உட்காரவைத்தானா என்று கேட்க நினைத்து, அதன் பதிலுக்குப் பயந்து கேட்காமல் விட்டாள்.

ஜான்சன் அவள் காலடியில் உட்கார்ந்தான். ஈரத் தலையிலிருந்து சொட்டியது.

"பயம் மெர்லின். லாரி டயரு இங்க, மூஞ்சிக்கு நேரா வந்துச்சு. அன்னிக்கே நான் செத்திருக்கணும். அதுலருந்து சாவுன்னாலே..."

"நாப்பத்தொண்ணு வெச்சுக்கினு இன்னாய்யா பயம் உனக்கு?"

"எத்தினி இருந்தாலும் போதல."

"திருப்பிக் குடு."

"குடுக்கறேன். மாதா மேல சத்தியமா குடுக்கறேன். எல்லாத்தையும் குடுத்துடறேன். ஆனா அது ஆட்டத்துலதான் முடியும். நீயும் ரிமோட்ட புடிச்சாதான் உன் பக்கம் ஏறும்."

வேறொருத்தியாக இருந்தால் அந்த மழையிலேயே செங்கல்பட்டுக்குப் பஸ் ஏறி அம்மா வீட்டுக்குப் போயிருப்பாள். மெர்லினும் பையை எடுத்தாள். வாசல்வரை போனாள். திரும்பிப் பார்த்தபோது அவன் தலையணையைத் தட்டிப் போட்டுக்கொண்டிருந்தான். இரண்டாவது ரிமோட்டைச் சட்டை நுனியால் துடைத்தான். சட்டை ஈரமாக இருந்ததால் உள் பனியனை இழுத்து, அதில் இன்னொரு தடவை துடைத்தான். கண் கலங்கி, மூக்கு சிவந்து, பள்ளிக்கூடத்தில் அடி வாங்கியவன்போல அதை அவளிடம் நீட்டினான்.

அவள் வந்து உட்கார்ந்தாள். மூன்று வருஷப் பழக்கம்.

ஆட்டம் தொடங்கியது. பொம்மைகள் இரண்டும் ஓடின. தோள் தோளோடு ஒட்டியிருந்தது. அவன் உடம்பு சூடாக இருந்தது, தன் உடம்பில் அந்தச் சூடு ஏறவில்லை என்பதைக் கவனித்தாள். மழைச் சத்தத்துக்கு அடியில் பொத்தான்கள் டக் டக்கென்று கேட்டன. அவன் பொம்மை வேண்டுமென்றே குழியில் விழுந்தது. மறுபடி விழுந்தது. மறுபடி. அந்த ஆட்டத்துக்கு அவன் பக்கம் இருந்த மூன்றும் தீர்ந்தன. அவள் பக்கம் ஒன்று இருந்தது.

"இப்போ குடு," என்றாள்.

"இரு."

"ஜான்சன்."

"இரு, இரு."

அவள் திரையைப் பார்க்கவில்லை. அவன் கட்டைவிரலைப் பார்த்தாள். நகத்தோரம் அழுக்கு. மெதுவாக நகர்ந்தது. ஞாயிற்றுக்கிழமை அழுத்திய அதே பொத்தான். அதே பக்கம்.

"வேணாம்யா."

அழுத்தினான்.

வலி இல்லை. சத்தம் இல்லை. ரிமோட் தரையில் விழுந்தது. அவள் போடவில்லை. பிடித்துக்கொள்ளக் கை இல்லை. கை இருந்தது. பிடிமானம்தான் இல்லை.

ஜான்சன் நீளமாக மூச்சு விட்டான். எழுந்து போய்த் தலை துவட்டினான்.

தெருவுக்குத் தெரிந்தது இவ்வளவுதான்: மெர்லின் ஓடிப்போய்விட்டாள். ரிசார்ட்டுக்கு வந்து தங்கிய எவனோ ஒருவனோடு. செருப்பு வாசலிலேயே கிடக்கிறதே என்று யாரோ கேட்டதற்கு, "கூட்டினு போறவன் புதுசு வாங்கிக் குடுத்திருக்க மாட்டானா?" என்று ஸ்ரீதேவி தீர்ப்புச் சொன்னாள். "அன்னிக்கு ஞாயித்துக்கெழமையே சண்டை. என் உசுர எடுக்காதன்னு கத்துனா. நான் காதால கேட்டேன். அப்பவே மனசு வேற எங்கயோ போயிடுச்சு அவளுக்கு." சொல்லிக்கொண்டிருந்த ஸ்ரீதேவியின் முகத்துக்கு ஒரு சாண் தள்ளி நின்று மெர்லின் கத்தினாள். தொண்டை கிழியக் கத்தினாள். ஸ்ரீதேவி கொசுவை விரட்டுகிற மாதிரிகூடக் கையை அசைக்கவில்லை.

வீட்டுக்குள் அவள் தனியாக இல்லை. பீரோவுக்கும் சுவருக்கும் நடுவில் வேளாங்கண்ணிக்குக் கட்டிப்போன காவிப் புடவையோடு ஒரு அம்மாள் சுவரைப் பார்த்து நின்றாள். குளியலறை வாசலில், தலைமுடியில் மணலோடு, ஒருவன்.  

பள்ளி அட்மிஷனுக்காக ஸ்ரீதேவி குடும்பம் ஏப்ரலில் கூடுவாஞ்சேரிக்குக் குடிபோனது. வைகாசியில் ஜான்சன் கருங்குழி ஜாய்ஸைக் கட்டிக்கொண்டான். கோர்ட்டு, கேஸ் என்று அலையாமல், கோவிலிலும் கேட்டுக்கொள்ளாமல், மாலை மாற்றிக் கூட்டிவந்து விட்டான். பெண்டாட்டி ஓடிப்போனவன்மேல் தெருவுக்கு இரக்கம் அதிகம். ஆளாளுக்கு எவர்சில்வர் பாத்திரம் கொடுத்தார்கள்.

முதல் ஞாயிறு மதியம் அவன் தலையணை போட்டான். ரிமோட்டைத் துடைத்து நீட்டினான். ஜாய்ஸ் வெட்கப்பட்டுக்கொண்டு வாங்கினாள். கையில் மருதாணி இன்னும் சிவப்பாக இருந்தது. மெர்லின் ஓடிவந்து அவளுக்கும் டி.வி.க்கும் நடுவில் நின்றாள். இரண்டு கையையும் விரித்தாள். பிடிக்காதே. கீழே போடு. எழுந்து ஓடு. கத்தினாள். ஜாய்ஸின் கண்கள் அவளுக்கு ஊடே திரையையே பார்த்தன.

ஜான்சனின் கண்கள் பார்க்கவில்லை. அவை மெர்லினின் முகத்தில் நேராக வந்து நின்றன.

"நவுரு மெர்லின்," என்றான் மெல்ல. "மறைக்குது."

"இன்னாது? யாரு?" ஜாய்ஸின் முகம் சுருங்கிவிட்டது. "வந்து பத்து நாள் ஆவல, அதுக்குள்ள அவ பேரா?"

"பழக்க தோஷம்மா. கோச்சுக்காத. ஆடு."

அவன் கட்டைவிரல் தன் ரிமோட்டில் இடது பக்கத்தை அழுத்தியது.

மெர்லின் இடது பக்கம் நடந்தாள். பீரோவுக்குப் பக்கத்திலிருந்த அம்மாளும், குளியலறை வாசலில் நின்றவனும், அவளோடு ஒரே அளவாகக் காலெடுத்துவைத்து நடந்தார்கள். சுவர் வந்தது. அவன் விரலை எடுக்கவில்லை. சுவரில் முகம் இடித்தும் மூன்று பேரின் கால்களும் நடந்துகொண்டே இருந்தன.