பச்சை அடிக்காத மேஜைகள்

"லெட்டரை ஒளிச்சு வச்சது எங்க டைப்பிஸ்ட்தான் சார். அதை நீங்க விசாரிச்சு கோர்ட்டுக்கு எழுதிக் கொடுத்தா போதும்," என்றார் சின்ன முதலாளி, நாற்காலியில் முழுதாக உட்காரும் முன்பே.

அமீனா மூக்குக் கண்ணாடியைத் துடைத்து மாட்டினார். முப்பது வருஷம் கோர்ட் அமீனாவாக நோட்டீஸைக் கொண்டுபோய்க் கொடுத்து ஓய்வு பெற்று, இப்போது துப்புத் துலக்கிக் கொடுப்பவர். பட்டப்பெயர் மட்டும் ஓய்வு பெறவில்லை. பக்கத்தில் அவருடைய மச்சினன், துப்பு என்றால் சோறு தண்ணீர் வேண்டாத ஆள், நோட்டைத் திறந்துவிட்டான்.

அண்ணனும் தம்பியும் நடத்தும் மரப்பட்டறை. பள்ளிக்கூட மேஜை செய்யும் அரசு ஒப்பந்தத்தை ரத்து செய்து கடிதம் வந்தது மூன்றாம் தேதி. வாங்கியதற்குப் பட்டறை முத்திரை இருக்கிறது. கையெழுத்து வெறும் கிறுக்கல். மூன்று மாதத்துக்குள் நீதிமன்றம் போயிருக்க வேண்டும். போனது எட்டாவது மாதம். தாமதம் ஏன் என்றார் நீதிபதி. பழி டைப்பிஸ்ட் தலையில் விழுந்தது. பதினொரு வருஷ வேலையும் போயிற்று.

"லெட்டர் எப்படிக் கிடைச்சுது?"

"அவ டிராயர்ல. அண்ணன்தான் கண்டுபிடிச்சார்."

மறுநாள் காலை பட்டறைக்குப் போனார்கள். கிடங்கின் முன்வரிசையில் அரசு ஒப்பந்தப்படி பச்சை அடித்த மேஜைகள். பின்னால் நூற்றெழுபது மேஜைகள், இழைத்து முடித்து, பெயிண்ட் இல்லாமல், தூசி போர்த்திக் கிடந்தன. சுவரில் ஒரு கரும்பலகை. தினமும் எத்தனை மேஜைக்குப் பச்சை அடித்தார்கள் என்ற சாக்பீஸ் கணக்கு. கடைசி வரி: மூன்றாம் தேதி, நாற்பது.

"பெயிண்ட் தீர்ந்திருக்கும் அத்தான்," என்றான் மச்சினன்.

"பின்னால பாருடா."

திறக்காத பெயிண்ட் டின்கள் பன்னிரண்டு. மச்சினன் தன் நோட்டில் ஒரு வரியைக் கோடு போட்டு அடித்தான்.

அலுவலக அறைக்கு டைப்பிஸ்டையும் வரச் சொல்லியிருந்தார் அமீனா. அவள் உட்காரவில்லை. "என் டிராயருக்குப் பூட்டே கிடையாது சார். கேட்டுக் கேட்டு வாய் வலிச்சதுதான் மிச்சம்."

அமீனா அண்ணன்காரரான பெரிய முதலாளி பக்கம் திரும்பினார். "பச்சை அடிச்ச மேஜையை அரசாங்கத்தைத் தவிர எவன் வாங்குவான்? அடிக்காததை யாருக்கும் விக்கலாம். நாலாம் தேதி காலைல பச்சையை நிறுத்தச் சொன்னது யாரு? டைப்பிஸ்ட் சொன்னா பெயிண்டர் கேப்பானா?"

பெரிய முதலாளி மின்விசிறியையே பார்த்தார். பிறகு சொன்னார்: "பேரம் படியலேன்னு கடையை விட்டு இறங்கி நடந்தா, பின்னாலயே கூப்பிடுவாங்க. என் வியாபாரமே அப்படித்தான். நாம கோர்ட்டுக்கு ஓடினா நமக்குத்தான் அவசரம்னு ஆயிடும். அவங்களே கூப்பிடட்டும்னு இருந்தேன்."

"கூப்பிட்டாங்களா?"



"அண்ணே, என்கிட்டகூடச் சொல்லலையே!" தம்பியின் குரல் உடைந்தது. ஆனால் வியாபாரி வியாபாரிதான். மூச்சு திரும்பியதும் அமீனாவிடம் குனிந்தார். "சார், நடந்தது நடந்துபோச்சு. இவங்க பேரையே எழுதிடுங்க. இது வெளிய தெரிஞ்சா கேஸ் போச்சு, பட்டறையே போச்சு. இவங்களுக்கு வேற இடத்துல வேலை கிடைக்காதா என்ன?"

டைப்பிஸ்ட் சிரித்தாள். மச்சினன் அப்படி ஒரு சிரிப்பை அதற்கு முன் கேட்டதில்லை.

"உள்ளதைத்தான் எழுதுவேன்," என்றார் அமீனா.

சின்ன முதலாளி ஈரத்துணியை எடுத்துக்கொண்டு கிடங்குக் கரும்பலகையை நோக்கி விறுவிறுவென்று நடந்தார். அமீனா எழுந்திருக்கக்கூட இல்லை; திறந்திருந்த கதவு வழியே குரல் கொடுத்தார்.

"தாராளமா அழிங்க. அப்படியே சாட்சியா நிக்கிற அந்த நூற்றெழுபது மேஜைக்கும் பச்சை அடிச்சுடுங்க. அப்புறம் அதை யார் தலையில கட்டுவீங்கன்னு மட்டும் யோசிச்சுக்கோங்க."

துணி பலகையின் மேல் நின்றுவிட்டது. தண்ணீர் மட்டும் சொட்டிக்கொண்டிருந்தது.