பிணமாக நடித்தவர்

சுவரில் கட்டிய வெள்ளைத் துணியில், பாடைமேல் கிடந்த ஹியூபர்ட்டின் மார்பு ஏறி இறங்கியது.

படப்பெட்டியின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்த ஹியூபர்ட் கண்ணைத் துடைத்துக்கொண்டார். இருபது வருடத்துக்கு முன்னால் மதராஸில் எடுத்த ஊமைப்படம் அது. இறந்துபோன அரசனாகக் கிடப்பது அவர்தான். அவருடைய சினிமா வாழ்க்கை முழுக்கப் பிணவேஷம். முகவெட்டு சுமார், வாள் பிடிக்க வராது. ஆனால் மூச்சை அடக்கினால் பக்கத்தில் இருப்பவனே பயந்துபோவான். காமிராக்காரன் கைப்பிடியைச் சுற்றுகிறவரை மூச்சு விடக் கூடாது. ஒரு தடவைகூட அவர் விட்டதில்லை.

பேசும்படம் வந்ததும், சாகிறவனும் ஒரு பாட்டுப் பாடிவிட்டுத்தான் சாக வேண்டும் என்றாயிற்று. பாட வராத ஹியூபர்ட் கப்பலேறி, கோலசிலாங்கூர்ப் பக்கம் ஒரு ரப்பர்த் தோட்டத்தில் கணக்கெழுதும் கிராணியானார். நடிகர் என்று சொன்னால் இங்கே யாரும் நம்பவில்லை. நம்பிய ஒருத்தி மனைவி அகதா. அவளும் போய்ச் சேர்ந்துவிட்டாள். அதன்பிறகு அந்த வீட்டில் அவரோடு பேச ஆளில்லை. வேலியில் துப்பாக்கியோடு காவல் நிற்கும் ரெங்கசாமி மட்டும், போகும்போதும் வரும்போதும் சீண்டுவான்.

"பொணமாப் படுக்கறது ஒரு நடிப்பா, ஐயா? காட்டுங்க, பாத்துட்டு நம்புறேன் லா."

நாளை காட்டலாம். அரசாங்கப் பட வண்டி பக்கத்து ஊரான பாசிர் பெனம்பாங்கை முடித்துக்கொண்டு இங்கே வருகிறது. வண்டிக்காரர் இந்தச் சுருளையும் போட ஒப்புக்கொண்டிருந்தார். தோட்டமே பார்க்கும். பிணம் மூச்சு விட்டால் சிரித்தே ஆளைக் கொன்றுவிடுவார்கள்.

சுருளைத் திருப்பிச் சுற்றி மறுபடி ஓட்டினார். ஊரடங்குச் சங்கு ஊதி ஓய்ந்திருந்தது. முள்கம்பி வேலி விளக்குகளுக்கு ஓடும் எஞ்சினின் உறுமலும், புகைக்கூண்டிலிருந்து வரும் ரப்பர்ப் பால் நாற்றமும், துணிமேல் அலையும் விட்டில்களின் பெரிய நிழல்களுமாக அறை நிறைந்திருந்தது. அரசனின் மார்பு இப்போது நன்றாகவே ஏறி இறங்கியது. கூடவே ஒரு சத்தம். யாரோ மூச்சு விடுகிற சத்தம்.

தன்னுடையதுதானோ என்று ஹியூபர்ட் மூச்சை அடக்கிக் கேட்டார். சத்தம் நிற்கவில்லை. துணியிலிருந்து வந்தது.

அடக்கிய மூச்சை இழுக்கப் பார்த்தார். வரவில்லை.

கைப்பிடியை விட்டார். அது தானாகச் சுற்றியது. அரசன் எழுந்து உட்கார்ந்து அவரைப் பார்த்தான். கோபமில்லை. தனியாகக் கிடந்து கிடந்து சலித்துப்போன முகம். கால் ஒன்று துணியை விட்டு வெளியே வந்தது. சிமெண்டுத் தரையில் ஊன்றியது.

ஓடினார். தாழ்ப்பாளில் கை நின்றது. காட்டுக்குள் ஒளிந்த கலகக்காரர்களை வேட்டையாடும் அவசரகாலம். வெளியே இருட்டில் ஓடுகிறவனை யாரென்று கேட்கமாட்டார்கள். சுடுவார்கள். நின்றார். பிடரியில் ஒரு கை பட்டது. ஜில்லென்று.

முதுகில் பச்சை மூங்கில் குத்தியது.

நிறமே இல்லாத வானம். மேலிருந்து நாலு முகங்கள் குனிந்தன. அன்று பாடை தூக்கி நடித்தவர்கள்; நாலு பேரும் செத்து வருஷக்கணக்காகிறது. அவர்களுக்கு அப்பால், தூரத்தில், அவருடைய அறை. அவருடைய நாற்காலியில், அவருடைய பனியனில், யாரோ முதுகு வளைந்து உட்கார்ந்து கைப்பிடியைச் சுற்றினான்.

ஜன்னலில் டார்ச் வெளிச்சம் விழுந்தது. ரெங்கசாமி எட்டிப் பார்த்தான். துணியை ரொம்ப நேரம் பார்த்தான். பிறகு நாற்காலியில் இருந்தவனின் முதுகைப் பார்த்துச் சொன்னான்.

"மூச்சே இல்ல, ஐயா. சத்தியமா நம்பிட்டேன் லா."

ஹியூபர்ட் அலறினார். உதடு அசையவில்லை. நாற்காலியில் இருந்தவன் திரும்பாமல் தலையாட்டினான். டார்ச் வெளிச்சம் வேலிப்பக்கம் போய்விட்டது.

அடுத்த காட்சி சிதை. அன்று அதற்கு வைக்கோல் பொம்மை ஒன்றைக் கிடத்தினார்கள். அடுக்கிய விறகு அதோ தெரிந்தது. பொம்மையைக் காணோம்.

நாலு பேரும் பாடையைத் தூக்கினார்கள்.