அவளுக்குப் பின்னால் ஒரு கீறல்

கீறல் என்றால் எல்லாவற்றுக்கும் மேலே கிடக்க வேண்டும். பழைய படச்சுருள்களைக் கணினியில் துடைத்துச் சீராக்குவதே பிழைப்பாகிவிட்டவளுக்கு இதுகூடவா தெரியாது? முகமோ, நாற்காலியோ, சுவரோ, எதுவானாலும் அதன் மேல்தான் கீறல் ஓடும். ஆனால் ஆள் உயரத்தில் மெல்லியதாக நின்ற இந்தக் கோடு, படத்தில் அந்த நடிகை கையை உயர்த்தியபோது கைக்குப் பின்னால் மறைந்தது. கை இறங்கியதும் மறுபடி தெரிந்தது.

அவள் படத்தை நிறுத்தினாள். கறுப்புத் திரைச்சீலைக்கு வெளியே மதிய வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது. அறைக்குள் ஏசியின் ஓயாத உறுமலும், நாட்பட்ட சுருள்களிலிருந்து கசியும் வினிகர் வாடையும், கணினியின் சாம்பல் வெளிச்சமும்தான். கணினித் திரையின் ஓரத்தில் மகளின் புகைப்படத்தை ஒட்டி வைத்திருந்தாள். முன்பல் விழுந்த சிரிப்பு. கணவன் போனபிறகு அவளுக்கென்று மிச்சம் அந்தச் சிரிப்புதான். இப்போதெல்லாம் அதைப் பார்த்தால்கூட உள்ளே ஒன்றும் அசைவதில்லை. பல் டாக்டர் ஊசி போட்ட தாடை மாதிரி மனசு மரத்துக் கிடந்தது.

அடுத்த மேசைக்காரர் சுருள் டப்பாக்களைத் திறந்து கணினியில் ஏற்றுபவர். அலுவலகத்தில் எல்லோருக்கும் அவர் ‘டப்பா அண்ணன்’.

“அண்ணே, இதைக் கொஞ்சம் பாருங்க. கீறல் கைக்குப் பின்னாடி போகுது.”

அவர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுக் குனிந்தார். “கீறல் எப்படிம்மா பின்னாடி போகும்? அப்போ இது கீறல் இல்ல. அங்க நின்ன ஏதோ ஒண்ணு. தொடாம விட்டுடு.”

“மேனேஜர் ஒரு கோடு விடாம எடுக்கச் சொல்லியிருக்காரே.”

“அவருக்கென்ன, சொல்லுவாரு. அவரோட கல்யாண ஃபோட்டோவைக் கொடுத்தா மூக்கையே கறைன்னு எடுக்கச் சொல்லுவாரு.”

அவள் சிரிக்கவில்லை. சிரிக்க வேண்டிய இடம் என்று மட்டும் தெரிந்தது.

நடிகை பேசாப்படக் காலத்தவள். படத்தின் தொடக்க அட்டையில் பெயர் இருந்த இடம் பூஞ்சை பிடித்து அழிந்திருந்தது. மிஞ்சிய சுருள்களை வரிசையாக ஓட்டினால் ஒரு வாழ்க்கையே தெரிந்தது: கூட்டத்தில் பூக்கூடையோடு நிற்கும் சிறுமி, பிறகு தோழி, நாயகி, ராணி, கடைசியில் ஒரு தாய். அதோடு சரி. அப்புறம் எந்தப் படத்திலும் இல்லை. என்ன ஆனாள் என்று கேட்க நாதியில்லை.

கோடு எல்லாச் சுருளிலும் இருந்தது. பூக்கூடைச் சிறுமிக்குச் சற்றுத் தள்ளி, மரத்தடியில், தலைமுடி அளவுக்கு. தோழி நின்ற வாசலுக்கு அருகே. நாயகியின் கட்டில் காலோரம், விரல் தடிமனுக்கு. ராணியின் சிம்மாசனத்தை ஒட்டி. ஒவ்வொரு படத்திலும், முகம் திரும்பாமல், நடிகையின் கண் மட்டும் இடப்பக்கம் போய்வந்தது. அந்தக் காலத்தில் அதை நல்ல நடிப்பு என்று மெச்சியிருப்பார்கள்.

தாயாக நடித்த சுருளில் கோட்டின் உச்சி வளைந்திருந்தது. குனிந்து பார்க்கும் கழுத்து மாதிரி.

பயப்பட வேண்டும் என்று அவளுக்குத் தெரிந்தது. பயம் வரவில்லை. எதுவாக இருந்தால் எனக்கென்ன என்றுதான் தோன்றியது. படத்தில் கோட்டை அடுத்துத் தெரிந்த சுவரையோ மரத்தையோ பிரதி எடுத்து அதன் மேல் ஒட்டினாள். ஒவ்வொரு ஃபிரேமாக. ஒவ்வொரு சுருளாக. டப்பா அண்ணன் ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டு அடுத்த டப்பாவைத் திறந்தார்.

பல நாள் வேலை முடிந்த மதியம், கடைசிச் சுருளை ஓட்டிப் பார்த்தாள். சுத்தமான படம். கோடு இல்லை.

நடிகையின் கண் இடப்பக்கம் போகவில்லை. நேராக வெளியே பார்த்தது. அவளை.

அப்புறம் மெல்ல விலகியது. கணினியின் ஓரத்துக்கு. அங்கே ஒட்டியிருந்த சிரிப்புக்கு. சுமந்து வந்ததை இறக்கி வைத்தவளின் நிம்மதி அந்த முகத்தில் தெரிந்தது.

அவள் செல்போனை எடுத்தாள். பள்ளி விட்டு வரும் மகளைப் பார்த்துக்கொள்வது அக்காதான். வீடியோவில் அழைத்தாள்.

“என்னடி இந்த நேரத்துல?”

“பாப்பாவைக் காட்டுக்கா.”

கூடம் தெரிந்தது. மகள் தரையில் உட்கார்ந்து வண்ணம் தீட்டிக்கொண்டிருந்தாள். அவளை ஒட்டி, ஒரு கோடு.

செல்போனில் தூசு. கட்டைவிரலால் துடைத்தாள். போகவில்லை. துப்பட்டாவால் அழுத்தித் துடைத்தாள்.

“அக்கா, அங்க யாரு நிக்கிறது?”

“யாருமில்லையே. நானும் இவளும்தான். ஏன் குரல் ஒரு மாதிரி இருக்கு?”

“பாப்பாவைத் தூக்கிட்டு வெளிய வா.”

“இந்த வெயில்லயா? லூசாடி நீ?”

அம்மாவின் குரல் கேட்டு மகள் கையை உயர்த்தி ஆட்டினாள். கைக்குப் பின்னால் கோடு மறைந்தது. கை இறங்கியது. கோடு. இன்னும் தடிமனாக. உச்சியில் வளைவு.

இப்போதுதான் வந்தது பயம். இத்தனை நாள் வராததெல்லாம் சேர்ந்து வந்தது.

“பாப்பா, அம்மாவைப் பாரு. இங்க பாரு. என்னை மட்டும் பாரு.”

மகள் பார்த்தாள். சிரித்தாள். முன்பல் இல்லாத அதே சிரிப்பு. முகம் திரும்பவில்லை. கண் மட்டும் மெல்ல இடப்பக்கம் போனது.

திரும்பி வரவில்லை.