வலைக்கு அந்தப் பக்கம்

ஸ்பீக்கர் வயரைக் கழற்றி மேஜை ஓரமாகச் சுருட்டி வைத்த பிறகும் பந்துச் சத்தம் நிற்கவில்லை. டொக். கொஞ்ச நேரம் கழித்து மறுபடி டொக். மதியச் சாப்பாட்டுக்காகக் கடை ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, ஈயப் புகையும் சூடேறிய பிளாஸ்டிக்கும் கலந்த வாடைக்கு நடுவே டிபன் பாக்ஸைத் திறந்து வைத்திருந்தவள், வாயில் இருந்ததை மெல்லாமல் காது கொடுத்துக் கேட்டாள். வெளியே மழை இல்லை. பின்கட்டில் குழாயும் சொட்டவில்லை. சத்தம் எதிரே இருந்த டிவிப் பெட்டிக்குள்ளிருந்துதான் வந்தது.

தெருவில் எல்லோருக்கும் அவள் ரிப்பேரக்கா. டிவியோடு மாட்டி, கேசட்டிலிருந்து விளையாட்டை ஏற்றுகிற அந்தக் காலத்துக் கம்ப்யூட்டர்களுக்குச் சுற்றுவட்டாரத்தில் அவள் ஒருத்திதான் வைத்தியம் பார்க்கிறாள். எந்தப் பெட்டியையும் சரிசெய்தவுடன் கொடுத்தனுப்ப மாட்டாள். சூடேறினால் மக்கர் பண்ணுகிறதா என்று அரை நாள் ஓடவிட்டுப் பார்ப்பாள். அதற்குத் தோதானது இந்த டென்னிஸ் விளையாட்டு. ஆள் இல்லாவிட்டால் கம்ப்யூட்டரே இரண்டு பக்கமும் ஆடிக்கொள்ளும். பச்சைத் தரை, வெள்ளைக் கோடுகள், மேலே ஒருவன், கீழே ஒருவன், இரண்டு பேருக்கும் முகம் கிடையாது.

இந்தப் பெட்டியைக் காலையில் கொண்டுவந்த, மூக்குக் கண்ணாடி போட்ட ஆள், "ஜாய்ஸ்டிக் பட்டன் வேலை செய்யுதான்னு மட்டும் பாருங்க, போதும்" என்று இரண்டு தடவை சொல்லிவிட்டு, நிற்க நேரமில்லாதவர் போலப் போய்விட்டார். வேறு யாராவது என்றால் விளையாட்டை முதலிலிருந்து தொடங்கிப் பார்த்திருப்பார்கள். அவளுக்கு அந்தப் பொறுமை கிடையாது. பதினொரு மணிக்கு, ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கும்போதே பட்டனை ஒரு தட்டுத் தட்டினாள். கீழே நின்றவன் மட்டையைப் போட்டுவிட்டு வெளியே நடந்துபோனான். அவன் இடத்தில் இன்னொரு உருவம் வந்து நின்றது. அதற்கு முதுகில் நீளமாக ஒரு பின்னல் இருந்தது. யாரோ வேலையற்றவன் புரோகிராமில் கைவைத்திருக்கிறான் என்று சிரித்துக்கொண்டு, தன் பின்னலை எடுத்துப் பின்னால் போட்டுவிட்டு வேறு வேலையைப் பார்க்கப் போனாள்.

இப்போது ஸ்பூன் அவள் வலது கையிலிருந்து நழுவி விழுந்தது. சுண்டுவிரலும் மோதிர விரலும் மரத்துப் போயிருந்தன. திரையில் மேலே இருந்தவன் இரண்டு கேம் முன்னால் இருந்தான். பின்னல்காரி ஆடாமல் அசையாமல் நின்றாள்.

அவள் கம்ப்யூட்டரின் சுவிட்சை அணைத்தாள். திரை இருண்டது. டொக் மட்டும் நிற்கவில்லை. நடுவிரல் மரத்தது. பிறகு சுட்டுவிரல், ஈயம் உருக்குகிற சால்டரிங் கம்பி சுட்ட பழைய தழும்போடு சேர்த்து. பிறகு கட்டைவிரல். பதறிப்போய் மறுபடி சுவிட்சைப் போட்டாள். அணைத்தால் எல்லாவற்றையும் மறந்துவிடுகிற ஜாதிப் பெட்டி அது. ஒன்றையும் மறக்கவில்லை. அதே ஆட்டம். மேலே ஐந்து, கீழே பூஜ்யம், கேமுக்கு ஒரு விரல். இன்னும் ஒரு கேம் போனால் ஆட்டமே முடிந்துவிடும். அந்தப் பயத்திலும் அவளுக்குக் கோபம்தான் முதலில் வந்தது. இடது கையால் கண்ணாடிக்காரருக்குப் போன் போட்டாள்.

"அணைச்சிட்டீங்களா?" அவள் வாயைத் திறக்கும் முன்பே அவர் கேட்டார். "அணைக்கக் கூடாதுங்க. அணைச்சா தோத்த மாதிரிதான்."

"என்னய்யா பெட்டி இது?"

அந்தப் பக்கம் யாரோ வயதானவர் சிரிக்கிற சத்தம் கேட்டது. "எங்கப்பாங்க. ரெண்டு வருஷமா விளங்காத கை. இன்னிக்குப் பதினொரு மணிக்கு அவரே தம்ளரை எடுத்துத் தண்ணி குடிச்சாரு." குரல் உடைந்தது. "மன்னிச்சிடுங்க. நீங்களும் யாரையாவது பட்டனைத் தொட வெச்சிடுங்க. அவ்வளவுதான்."

"ஆறாவது கேமும் போனா?"

"தெரியாதுங்க. அத வந்து சொல்றதுக்கு யாரும் இல்ல."

"உங்கப்பா நல்லா இருக்கட்டும். ஆனா என் கைய நான் யாருக்கும் கொடுக்கிறதா இல்ல" என்று சொல்லிவிட்டுப் போனை வைத்தாள்.

பின்கதவு திறந்தது. பல் டாக்டரிடம் வேலை பார்க்கும் தங்கை, அரை நாள் லீவில் வந்தவள், செருப்பைக் கூடக் கழற்றவில்லை. "டென்னிஸா? தள்ளுக்கா, நான் ஒரு ஆட்டம் ஆடறேன்" என்று கையை நீட்டினாள். அவள் விரலுக்கும் பட்டனுக்கும் நடுவே ஒரு சாண்தான் இருந்தது. அக்காக்காரி ஒரு நொடி பேசாமல் இருந்தாள். அந்த ஒரு நொடிக்காகத் தன்னையே காறித் துப்பிக்கொள்ளலாம் போல இருந்தது.

"தொடாத."

"ஏன்க்கா? மூஞ்சி ஏன் இப்படி இருக்கு?"

"வெளிய போய் நில்லுடி. நான் கூப்பிடாம உள்ள வந்த, கால ஒடிச்சிடுவேன்."

தங்கை போனதும் கதவைத் தாழிட்டாள். ஒற்றைக் கையால் ஆடினாலும் நகராதபடி, ஜாய்ஸ்டிக்கின் அடியிலிருந்த ரப்பர் உறிஞ்சிகளை மேஜையில் அழுத்தி ஒட்டினாள். இடது கை அவளுக்குச் சளைத்ததில்லை. இரண்டு கையாலும் ஈயம் வைப்பவள். இந்த ஆட்டத்தை எத்தனை நூறு மணி நேரம் ஓடவிட்டுப் பார்த்திருக்கிறாள். பந்து இடது மூலைக்குப் போனால், மேலே நிற்பவன் எப்போதும் ஓர் அடி தாமதமாகத்தான் போவான். எழுதியவன் விட்ட பிசகு அது. அவளுக்கு மட்டும் தெரிந்த பிசகு.

"வாடா, பாத்துடலாம்" என்றாள்.

இடது மூலை. மறுபடி இடது மூலை. வியர்வை கண்ணில் இறங்கியது. ஐந்துக்கு இரண்டு. ஐந்துக்கு நான்கு. டொக். டொக். ஐந்துக்கு ஐந்து. மேலே நின்றவன் அவளைப் பார்க்கத் தொடங்கினான். முகமில்லாமல் எப்படிப் பார்ப்பான் என்று கேட்டால் அவளால் சொல்ல முடியாது. பார்த்தான்.

ஏழுக்கு ஐந்து. ஜெயித்துவிட்டாள்.

சத்தம் நின்றது. அவ்வளவு அமைதியை அந்தக் கடை கண்டதில்லை. அவளுக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. ஆனால் வலது கைக்கு உயிர் வரவில்லை.

மேலே நின்றவன் மட்டையைக் கீழே வைத்தான். வலையை நோக்கி நடந்தான். அப்படி ஒரு படம் இந்த விளையாட்டில் கிடையாது. ஆட்டம் முடிந்து கை குலுக்குகிற படத்துக்கெல்லாம் அந்தப் பெட்டியின் மெமரியில் இடமே போதாது. அது அவளுக்கு நன்றாகத் தெரியும்.

வலையைத் தாண்டினான். பின்னல்காரியையும் தாண்டினான். பெரிதானான். இன்னும் பெரிதானான். திரை முழுக்க ஒரு கை, நீட்டியபடி.

சுட்டுவிரலில் தழும்பு. அவளுடைய தழும்பு.

அவளுடைய கை.

மேஜை மேல் செத்துக் கிடந்த வலது கை தானாக எழுந்தது. திரையை நோக்கிப் போனது. பிடி கொடுத்தால் மிச்ச உடம்பும் உள்ளே போய்விடும் என்று அவளுக்குப் பட்டது.

"முடியாது" என்றாள். இடது கையால் மணிக்கட்டைப் பிடித்து இழுத்தாள். சாமான்களை இறுக்கிப் பிடிக்க மேஜையோரம் திருகியிருந்த இரும்பு வைஸோடு அதைச் சேர்த்து இன்சுலேஷன் டேப்பைச் சுற்றினாள். பல்லால் இழுத்துச் சுற்றினாள். ஒரு சுருள் முழுவதும் தீர்ந்தது. "முடியாதுன்னா முடியாது. அங்கயே கிட."

திரையில் இருந்த கை மெல்ல மடங்கியது. விரல் முட்டி கண்ணாடியில் பட்டது. உள்ளேயிருந்து.

டொக்.

கட்டுக்குள் கிடந்த அவள் சுட்டுவிரல் மடங்கி, இரும்பில் தட்டிப் பதில் சொன்னது.

டொக்.